மகன் பெயரில் தகப்பன் கதை

(மும்பையின் பாண்டுப்பில் தமிழன்பர்கள் கூட்டம் ஒன்றில் ஆற்றிய சொற்பொழிவு. பேச்சு நடை பெரும்பாலும் அப்படியே விடப்பட்டிருக்கிறது.)



ஒரே ஒரு பெயரைப் பற்றிப் பேசப் போகிறேன் என்றதும் கூட்டம் நடத்துகிறவர்கள் கொஞ்சம் தயங்கினார்கள். குறளோ சிலப்பதிகாரமோ என்றால் ஆள் வருவார்கள் என்பது அவர்கள் கணக்கு. நியாயமான கணக்குதான். ஆனால் இந்தப் பெயரைப் பாண்டுப்பில் பேசாமல் வேறு எங்கே போய்ப் பேசுவது? அதனால் பிடிவாதமாக நின்றுவிட்டேன்.

பெயர் கெர்சோம். எபிரேய ஆண்பெயர். திருநெல்வேலி, நாசரேத், தூத்துக்குடிப் பக்கம் கிறிஸ்தவக் குடும்பங்களில் சாமுவேலுக்கும் தானியேலுக்கும் பஞ்சமே கிடையாது. கெர்சோமைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். இத்தனைக்கும் அவன் மோசேயின் மூத்த மகன்.

கதையைத் தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். எகிப்தில் எபிரேயர்கள் அடிமைகள். அரண்மனையில் வளர்ந்த மோசே, தன் ஆளை அடித்துக்கொண்டிருந்த ஓர் எகிப்தியனைக் கொன்றுவிடுகிறார். விஷயம் வெளியே வந்ததும் தப்பி ஓடி மீதியான் நாட்டுக்கு வருகிறார். அங்கே ஒரு கிணற்றடி. ரெகுவேல் என்ற பூசாரியின் ஏழு பெண்கள் ஆட்டுக்குத் தண்ணீர் காட்ட வருகிறார்கள். இந்த ரெகுவேலுக்கே எத்திரோ என்றும் பெயர் வழங்குகிறது. மற்ற மேய்ப்பர்கள் அந்தப் பெண்களை விரட்டுகிறார்கள். மோசே எழுந்து அவர்களுக்குத் துணை நின்று தண்ணீர் இறைத்துக் கொடுக்கிறார். பெண்கள் வழக்கத்தை விடச் சீக்கிரம் வீடு திரும்புகிறார்கள். என்ன இவ்வளவு சீக்கிரம் என்று தகப்பன் கேட்கிறார். எகிப்தியன் ஒருவன் உதவி செய்தான் என்கிறார்கள்.

எகிப்தியன்! கவனியுங்கள். எகிப்தில் எபிரேயனாகப் பிறந்தவன் என்பதால்தான் இந்த மனிதருக்கு இத்தனை வம்பும் வந்தது. எல்லை தாண்டி வந்தால் எகிப்தியன் ஆகிவிட்டார். உடை, பேச்சு, ஒருவேளை முடிவெட்டு, எல்லாம் எகிப்து. மோசே என்ற பெயரைத் தண்ணீரிலிருந்து எடுத்தவன் என்று வேதாகமம் எபிரேயத்தில் விளக்குகிறது. ஆனால் ஆய்வாளர்கள் பலர் அது எகிப்தியச் சொல்தான் என்கிறார்கள். துத்மோசே, ராம்சேஸ் என்று அரசர் பெயர்களின் வாலில் வருகிற அதே சொல், 'பிறந்தவன்' என்று பொருள். ஆகப் பெயரும் எகிப்து. அந்தப் பெண்கள் மேல் குற்றமே சொல்ல முடியாது. நம்மில் திருநெல்வேலிக்காரர், சேலத்துக்காரர், பாலக்காட்டார் என்று எத்தனை வகை இருந்தாலும் இந்த ஊர் நமக்குக் கொடுத்த பெயர் ஒன்றுதானே, மதராசி. மதராஸ் சென்னையாகி எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது, மதராசி மட்டும் மாறவில்லை.

அந்த வீட்டிலேயே மோசே தங்கிவிடுகிறார். ஏழு பெண்களில் சிப்போராளைக் கட்டிக்கொள்கிறார். ஒரு பையன் பிறக்கிறான். அவனுக்குத்தான் கெர்சோம் என்று பெயர் வைக்கிறார். ஏன் என்பதையும் அந்த இடத்திலேயே வேதாகமம் சொல்லிவிடுகிறது: அந்நிய நாட்டில் நான் வேற்றாளாக இருக்கிறேன் என்பதால். 'கேர்' என்றால் எபிரேயத்தில் வெளியூரிலிருந்து வந்து தங்கியவன். 'ஷாம்' என்றால் அங்கே. இரண்டும் சேர்ந்து 'அங்கே ஒரு வந்தேறி'. நம் பழைய தமிழ் வேதாகமம் இதற்குப் 'பரதேசி' என்ற சொல்லைப் போட்டிருக்கிறது. இன்றைக்குப் பரதேசி வசைச்சொல் ஆகிவிட்டது. வேறு தேசத்தான் என்பதுதான் பழைய பொருள். கொச்சியில் 1568இல் யூதர்கள் கட்டிய ஜெப ஆலயத்துக்கு இன்றும் பரதேசி சினகாக் என்றுதான் பெயர். அதில் வசை எதுவும் இல்லை.

இலக்கணக்காரர்களைக் கேட்டால் இந்த விளக்கத்தை அப்படியே ஒப்புக்கொள்ள மாட்டார்கள். கெர்சோம் என்பதன் வேர் 'காராஷ்', அதாவது விரட்டு, துரத்து என்பார்கள். கேர், ஷாம் என்று பிரிப்பது பின்னால் வந்த காது விளக்கம். எனக்கு இதில் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. கிணற்றடியில் மேய்ப்பர்கள் அந்தப் பெண்களை விரட்டினார்கள் என்று சொன்னேனே, மூலத்தில் அந்த இடத்தில் வருவது இதே 'காராஷ்' வினைதான். பையன் பிறப்பதற்கு ஐந்து வசனம் முன்னால். எழுதியவர் தெரிந்தேதான் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருக்கிறார். கண்ணுக்குத் தெரியும் விளக்கம் 'வந்தவன்' என்கிறது, சொல்லின் வேர் 'விரட்டப்பட்டவன்' என்கிறது. மோசே இரண்டும்தான்.

இன்னொரு சிக்கலும் இருக்கிறது. 'அங்கே' என்றால் எங்கே? மோசே மீதியானில் நின்றுகொண்டு பேசுகிறார். அவர் 'இங்கே ஒரு வந்தேறி' என்று சொல்லவில்லை. மூலத்தில் வினையும் இறந்தகாலத்துக்கு இடம் தருகிறது: வேற்று நாட்டில் வந்தேறியாக இருந்தேன். அதனால் அந்த அந்நிய நாடு எகிப்துதான், பிறந்து வளர்ந்த எகிப்தையே அவர் அந்நிய நாடு என்கிறார் என்று வாதிடுகிறவர்கள் இருக்கிறார்கள். மீதியான்தான் என்பது பெரும்பான்மை. நான் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. பாண்டுப்பில் இருந்துகொண்டு 'ஊருக்குப் போறேன்' என்று குர்லா டெர்மினஸில் ரயில் ஏறுகிறோம். அங்கே போய் இறங்கினால் 'பம்பாய்க்காரர் வந்திருக்கார்' என்கிறார்கள். அப்படியானால் எது அங்கே, எது இங்கே என்பது எந்த நிலையத்தில் நின்று பேசுகிறோம் என்பதைப் பொறுத்தது.

இனி நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். இந்தப் பெயரில் அந்தப் பையனைப் பற்றி என்ன இருக்கிறது? ஒன்றுமே இல்லை. அவன் மீதியானில் பிறந்தான். அம்மா மீதியான்காரி. தாத்தா அந்த ஊரில் மதிப்புள்ள பூசாரி. பெரியம்மா, சித்தி என்று ஆறு பேர். பேசியது மீதியான் மொழியாகத்தான் இருந்திருக்க வேண்டும். மராத்தியில் பூமிபுத்ர என்கிறார்களே, மண்ணின் மைந்தன், அவன் அதுதான். வந்தேறி அவன் அப்பா. ஆனால் அப்பாவின் விலாசம் மகன் தலையில் ஏறிவிட்டது. வாழ்நாள் முழுக்க யார் கூப்பிட்டாலும் 'டேய், வெளியூர்க்காரா' என்று கூப்பிட்ட மாதிரி. மோசேயைக் குறை சொல்வதாக நினைக்க வேண்டாம். ஓடி வந்த மனிதருக்கு அந்த நேரத்தில் சொல்வதற்கு வேறு என்ன இருந்தது? மகன் பெயர்தான் அவர் எழுதிய முதல் சுயசரிதை. ஆனால் அது அவருடைய சரிதை.

இரண்டாவது மகன் பிறந்தபோது மனசு கொஞ்சம் ஆறியிருக்கிறது. எலியேசர் என்று வைத்தார். 'என் கடவுள் துணை' என்று பொருள். பார்வோனின் வாளிலிருந்து தப்பியதற்கு நன்றி. இந்தத் தம்பியின் பெயருக்குத் தமிழ்நாட்டில் வந்த அதிர்ஷ்டத்தைப் பாருங்கள். எலியேசருக்கு ஒட்டிய உறவுதான் எலெயாசார் என்ற பெயர். அது கிரேக்கத்தில் சுருங்கி லாசர் ஆயிற்று. நட்டாலத்தில் 1712இல் பிறந்த நீலகண்ட பிள்ளை 1745இல் ஞானஸ்நானம் பெற்றபோது அந்த லாசருக்குத் தமிழ் வடிவமாகத்தான் தேவசகாயம் என்று பெயர் பெற்றார். 1752இல் ஆரல்வாய்மொழிக் காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2022 மே 15இல் ரோமில் அவருக்குப் புனிதர் பட்டம் கிடைத்தது. குமரி மாவட்டத்தில் தேவசகாயம் என்ற பெயர் ஒரு காலத்தில் எவ்வளவு சாதாரணம் என்று உங்களில் பாதிப்பேருக்குத் தெரியும். தம்பி பெயர் தமிழாகி வீட்டுக்கு வீடு புகுந்தது. அண்ணன் வாசலிலேயே நின்றுவிட்டான்.

ஏன் என்று பார்க்க, எபிரேயப் பெயர்கள் தமிழுக்குள் வந்த வழிகளைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். முதல் வழி அரபு. மூசா, இப்ராகிம், யூசுப், தாவூத், சுலைமான் எல்லாம் அந்த வழியாக வந்தவர்கள். இரண்டாவது வழி போர்த்துக்கீசியர். முத்துக்குளித்துறையில் பதினாறாம் நூற்றாண்டில் பரதவர்கள் ஞானஸ்நானம் பெற்றபோது, போர்த்துக்கீசிய ழோசே நம் வாயில் சூசை ஆனது. அதே கத்தோலிக்க மரபு பிறகு பொருளை மொழிபெயர்க்கவும் செய்தது. யோவான் என்ற பெயருக்குக் 'கடவுள் அருளினார்' என்று பொருள், அதனால் அருளப்பன். மூன்றாவது வழி தரங்கம்பாடி. 1706இல் வந்து இறங்கிய மிஷனரி சீகன்பால்குவும் அவருக்குப் பின் வந்த ஜெர்மானியரும் எபிரேய ஒலியையே கொண்டுவர முயன்றார்கள். யோசேப்பு, யாக்கோபு, எசேக்கியேல். ஆக ஒரே சால் குடியிருப்பில் அடுத்தடுத்த மூன்று கதவுகளில் யூசுப், சூசை, யோசேப்பு என்று மூன்று பேர் இருக்கலாம். மூன்று பேரும் ஒருவரே.

கெர்சோம் குர்ஆனில் இல்லை, அதனால் முதல் வழி அடைத்துவிட்டது. புனிதர் வரிசையில் பேர் பெறவில்லை, அதனால் இரண்டாவதும் இல்லை. மூன்றாவது வழி மட்டும் திறந்திருந்தது. அதிலும் ஒரு தடை. பிள்ளைக்குப் பெயர் வைக்கிறவர்கள் பெயருக்குள் வாழ்த்து இருக்கிறதா என்று பார்ப்பார்கள். சாமுவேல், தானியேல், யோவேல் எல்லாவற்றிலும் 'ஏல்', அதாவது கடவுள், உள்ளேயே உட்கார்ந்திருக்கிறார். கெர்சோமில் கடவுளும் இல்லை, வாழ்த்தும் இல்லை. வெறும் வீடற்ற நிலை. துக்கப் பெயர் வேறு இல்லையா என்றால் இருக்கிறது. யாபேஸ் என்ற பெயருக்கு வேதாகமம் தரும் விளக்கம் வேதனை. ஆனால் அந்த யாபேஸ் கடவுளிடம் எல்லையைப் பெரிதாக்கச் சொல்லிக் கேட்டான், கிடைத்தது, அதனால் நம்மூரில் யாபேஸ்கள் இருக்கிறார்கள். ராகேல் சாகும்போது பிள்ளைக்குப் பெனோனி, 'என் துக்கத்தின் மகன்' என்று வைத்தாள். தகப்பன் யாக்கோபு உடனே அதை பென்யமீன் என்று மாற்றிவிட்டார். கெர்சோமின் பெயரை யாரும் மாற்றவில்லை. அவனும் எதையும் கேட்டதாகப் பதிவு இல்லை.

பதிவே இல்லை என்பதுதான் வேடிக்கை. மோசே எகிப்துக்குத் திரும்பிப் போய், மக்களை மீட்டு, கடல் கடந்து வனாந்தரத்துக்கு வந்த பிறகு, மாமனார் எத்திரோ மகளையும் இரண்டு பேரன்களையும் அழைத்துக்கொண்டு அவரைப் பார்க்க வருகிறார். எத்தனை நாள் பிரிவு! மோசே எழுந்து எதிர்கொண்டு போகிறார். மாமனாரை வணங்குகிறார், முத்தமிடுகிறார், ஒருவரையொருவர் சுகம் விசாரிக்கிறார்கள், கூடாரத்துக்குள் போய் நடந்ததையெல்லாம் பேசுகிறார்கள். யாத்திராகமம் பதினெட்டாம் அதிகாரம். மனைவியிடம் ஒரு வார்த்தை பேசியதாக அதில் இல்லை. பையன்களைத் தொட்டதாகக்கூட இல்லை. பேசியிருப்பார், எழுதியவர் விட்டிருப்பார் என்று சமாதானம் சொல்லலாம். வருஷத்துக்கு ஒரு முறை லீவில் போய் இறங்கும் அப்பாவைக் கதவிடுக்கிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு ஓடிப்போன பிள்ளைகளாக நம்மில் சிலர் வளர்ந்திருக்கிறோம். எனக்கு அந்தச் சமாதானம் போதவில்லை.

அடுத்து கெர்சோமின் வம்சம். இது நியாயாதிபதிகள் புத்தகத்தின் கடைசிப் பகுதியில் வருகிறது, தெரிந்தவர்கள் குறைவு. பெத்லகேமிலிருந்து ஒரு வாலிபன் கிளம்புகிறான். லேவி குலம், அதாவது கோயில் ஊழியத்துக்கு உரிய குலம். எங்கே போகிறாய் என்றால், எங்கே இடம் கிடைக்கிறதோ அங்கே தங்கப் போகிறேன் என்கிறான். மலைநாட்டில் மீகா என்ற ஒருவன் வீட்டில் சொந்தமாக விக்கிரகம் வைத்துச் சின்னக் கோயில் நடத்துகிறான். அவன் இந்தப் பையனை வேலைக்கு எடுக்கிறான். சம்பளம் எவ்வளவு என்பதைக்கூட எழுதி வைத்திருக்கிறார்கள்: வருஷத்துக்குப் பத்து வெள்ளிக்காசு, உடுத்த உடுப்பு, சாப்பாடு. பம்பாய்க்கு முதன்முதலில் ரயில் ஏறிய நம் தாத்தாக்கள் கேட்ட கூலி இதுதான். பணம் கொஞ்சம், துணி, சோறு. பிறகு தாண் குலத்துக்காரர்கள் வருகிறார்கள். ஒரு வீட்டுக்குப் பூசாரியாக இருப்பதைவிட ஒரு குலத்துக்கே பூசாரியாக இருக்கலாமே என்கிறார்கள். பையனுக்குச் சந்தோஷம். விக்கிரகத்தையும் எடுத்துக்கொண்டு அவர்களோடு போய்விடுகிறான்.

யார் இந்தப் பையன்? கதை தொடங்கும் இடத்தில் எழுதியவர் பெயரைச் சொல்வதில்லை. 'அவன் அங்கே தங்கியிருந்தான்' என்று மட்டும் சொல்கிறார். எபிரேயத்தில் அது 'கார் ஷாம்'. கெர்சோம் என்ற பெயரையே வினையாக்கிச் சாடையாக வைத்துவிட்டார். கடைசியில்தான் முடிச்சு அவிழ்கிறது: அவன் பெயர் யோனத்தான், கெர்சோமின் மகன், கெர்சோம் மோசேயின் மகன். விக்கிரகம் கூடாது என்று கற்பலகை கொண்டுவந்தவரின் பேரன் விக்கிரகத்துக்குக் கூலிப் பூசாரி!

இதைப் பின்னால் வந்த யூத எழுத்தர்களால் பொறுக்க முடியவில்லை. மூலத்தில் கை வைக்கவும் துணிவில்லை. அதனால் ஒரு வேலை செய்தார்கள். எபிரேயத்தில் மோசேக்கு மூன்று எழுத்து. நடுவில் 'நூன்' என்ற ஓர் எழுத்தைச் சேர்த்தால் மனாசே என்ற வேறொரு பெயர் ஆகிவிடும். அந்த நூனை வரிக்குள் எழுதாமல், வரிக்கு மேலே தொங்கவிட்டு எழுதினார்கள். படிக்கும்போது மனாசே என்று படி, ஆனால் இது பிற்சேர்க்கை என்பதையும் பார்த்துக்கொள் என்று அர்த்தம். இன்றும் எபிரேய வேதாகமத்தில் அந்த எழுத்து மேலேதான் தொங்குகிறது. தாத்தாவின் மானத்தைக் காப்பாற்றுகிறார்கள், ஆனால் பொய்க்கணக்கு எழுதவில்லை. நம் பழைய தமிழ் வேதாகமத்தில் மனாசே என்றுதான் இருக்கும். தொங்கும் எழுத்துக்குத் தமிழ் அச்சில் என்ன செய்வது!

யூதச் சட்ட விவாதங்களின் தொகுப்பான தல்மூத்தின் பண்டிதர்களுக்கு இந்த யோனத்தான் மேல் கொஞ்சம் இரக்கம் உண்டு. பாபா பத்ரா என்ற பகுதியில் ஒரு விவாதம் வருகிறது. இன்னார் பேரனாக இருந்துகொண்டு இந்த வேலை செய்யலாமா என்று அவனைக் கேட்கிறார்கள். ஊரார் கையை எதிர்பார்ப்பதைவிட அந்நிய வழிபாட்டுக்குக் கூலியாகப் போவது மேல் என்று தாத்தா வீட்டிலிருந்து எனக்கு வந்த வாக்கு என்கிறான். எபிரேயத்தில் வழிபாடும் வேலையும் ஒரே சொல். அந்த வாக்கின் உண்மைப் பொருள் 'தனக்கு அந்நியமான வேலை', இவன் விக்கிரகம் என்று தப்பாகப் பிடித்துக்கொண்டான் என்கிறார்கள் பண்டிதர்கள். தொடர்ந்து, ராவ் என்ற பெரிய ஆசான் தன் சீடர் கஹானாவுக்குச் சொன்ன புத்தியும் அங்கே வருகிறது. சந்தையில் செத்த மாட்டின் தோலை உரி, கூலியை வாங்கு, நான் பெரிய ஆள், இந்த வேலை எனக்குக் கேவலம் என்று சொல்லாதே.

பாபிலோனில் ஆயிரத்தைந்நூறு வருஷத்துக்கு முந்தைய பேச்சு. இதைப் படித்தபோது எனக்குத் தாராவிதான் நினைவுக்கு வந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் தாராவியில் தோல் பதனிடும் தொழில் ஊன்றியபோது அதில் கை வைத்தவர்களில் பெரும்பங்கு தமிழர்கள், அதிலும் திருநெல்வேலிச் சீமைக்காரர்கள். அந்த நாற்றத்திலிருந்துதான் பள்ளிக்கூடக் கட்டணம் வந்தது, ஊரில் ஓட்டு வீடு வந்தது. ஒரு வித்தியாசம் உண்டு, அதை மறைக்கக் கூடாது. கஹானா பெரிய ஆள், அந்த வேலைக்குத் தானாக இறங்கச் சொல்கிறார்கள். தாராவிக்கு வந்தவர்களில் பலருக்கு அந்த வேலையைச் சாதியே ஊரிலிருந்து கையில் கொடுத்தனுப்பியிருந்தது.

யோனத்தானுக்குப் பிறகு நல்ல காலம் வந்தது என்றும் தல்மூத்தின் அதே பகுதி சொல்கிறது. நாளாகமத்தில் கெர்சோம் வம்சத்தில் செபுவேல் என்று ஒரு பெயர் வருகிறது, கருவூலங்களுக்கு அதிகாரி. அது இந்த யோனத்தான்தான், கடவுளிடம் திரும்பியதால் அந்தப் பெயர், பணத்தின் அருமை தெரிந்தவன் என்று பார்த்துத் தாவீது ராஜா அவனைக் கஜானாவில் உட்கார வைத்தார் என்கிறார்கள். கூலிப் பூசாரி பேங்க் அதிகாரி ஆன கதை.

பெயர் பிறகு ஐரோப்பாவில் அங்கங்கே தலைகாட்டுகிறது. 1000ஆம் ஆண்டையொட்டி ஜெர்மனியின் மைன்ஸ் நகரத்தில் ரப்பி, அதாவது யூத மதகுரு, கெர்சோம் என்று ஒருவர் இருந்தார். அவருக்கு 'புலம்பெயர்ந்தோரின் ஒளி' என்று பட்டம். ஒருவன் இரண்டு மனைவி கட்டக் கூடாது, மனைவி சம்மதம் இல்லாமல் அவளைத் தள்ளிவைக்கக் கூடாது, அடுத்தவர் கடிதத்தைப் பிரித்துப் படிக்கக் கூடாது. இந்த மூன்று கட்டளைகளும் அவர் பேரில் வழங்குகின்றன. கடைசிக் கட்டளை ஊர் ஊராகப் பிழைக்கப் போனவர்களுக்குத்தான் புரியும். கடிதம் ஒன்றுதான் அவர்களுக்கு வீடு.

கெர்சோம் சோன்சினோ என்று இத்தாலியில் ஓர் அச்சுக்காரர். பிரெஷியா, ஃபானோ, பெசாரோ என்று அச்சகத்தைத் தூக்கிக்கொண்டே ஊர் மாறி, கடைசியில் துருக்கிய சாம்ராஜ்யத்துக்குப் போய் 1534இல் இறந்தார். அவர் பிரெஷியாவில் 1494இல் அச்சிட்ட எபிரேய வேதாகமத்தைக் கையில் வைத்துக்கொண்டுதான் மார்ட்டின் லுத்தர் பழைய ஏற்பாட்டை ஜெர்மனில் பெயர்த்தார். லுத்தரின் முழு ஜெர்மன் வேதாகமம் வெளிவந்ததும் அதே 1534. அந்த ஜெர்மன் வேதாகமத்தில் வளர்ந்தவர்தான் சீகன்பால்கு. தரங்கம்பாடியில் புதிய ஏற்பாட்டை முடித்துவிட்டுப் பழைய ஏற்பாட்டில் ரூத் புத்தகம் வரை தமிழாக்கியிருந்தபோது 1719இல், முப்பத்தாறு வயதில், அங்கேயே இறந்துபோனார். மிச்சத்தை முடித்து 1728க்குள் அச்சேற்றியவர் ஷுல்ட்ஸ். யாத்திராகமமும் நியாயாதிபதிகளும் ரூத்துக்கு முன்னால் இருப்பவை. அப்படியானால் கெர்சோமைத் தமிழுக்குக் கூட்டி வந்தவர் சீகன்பால்குவேதான்.

நம் காலத்துக்கு நெருங்கினால் கெர்சோம் ஷோலெம். 1897இல் பெர்லினில் பிறந்தபோது அவர் பெயர் கெர்ஹார்ட். யூத ஞான மரபை வாழ்நாள் முழுக்க ஆராய்ந்தவர். அவர் 1923இல் எருசலேமுக்குக் குடிபோனார். வீடு திரும்புகிறேன் என்று போன மனிதர் தனக்குத் தேர்ந்தெடுத்துக்கொண்ட பெயர் 'அங்கே ஒரு வந்தேறி'. தெரியாமல் வைத்துக்கொண்டிருக்க மாட்டார், எபிரேயம் கரைத்துக் குடித்தவர்.

இவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை, நம் லோக்கல் ரயிலிலேயே எபிரேயப் பெயர்கள் இருக்கின்றன. 1843இல் ஜார்ஜ் கிளார்க் என்ற அரசாங்க எஞ்சினீயர் பாண்டுப்புக்கு வந்திருந்தபோதுதான் பம்பாயிலிருந்து தாணாவுக்கு ரயில் விடும் யோசனை தோன்றியது என்று ரயில்வே வரலாறு எழுதுகிறவர்கள் சொல்வார்கள். பத்து வருஷம் கழித்து, 1853 ஏப்ரல் 16இல், இந்த வழியாகத்தான் நாட்டின் முதல் பயணி ரயில் போயிற்று. பாண்டுப்பில் ஸ்லோ ரயில் ஏறினால் கடைசி நிலையமான சி.எஸ்.எம்.டி.க்கு முந்தின நிலையம் மஸ்ஜித். அந்த மஸ்ஜித் முஸ்லிம் பள்ளிவாசல் இல்லை. 1796இல் சாமாஜி ஹஸாஜி திவேகர் கட்டிய யூத ஜெப ஆலயம். அதைப் பழைய மஸ்ஜித் என்று சொல்லிச் சொல்லி அந்தப் பெயர் நிலையத்துக்கு வந்தது என்பார்கள். தெருவுக்குப் பெயர் சாமுவேல் ஸ்ட்ரீட்.

சாமாஜி ஹஸாஜி என்பது யார்? சாமுவேல் எசேக்கியேல்தான். கொங்கணக் கரையில் நவ்காவ் பக்கம் கப்பல் உடைந்து கரையேறியதாகச் சொல்லிக்கொள்ளும் பெனே இஸ்ரேல் மக்கள் தலைமுறை தலைமுறையாகச் செக்காட்டினார்கள். சனிக்கிழமை செக்கு ஓடாது. அதனால் ஊரார் வைத்த பெயர் சனிவார் தேலி. ஆபிரகாம் அவர்களிடம் ஆபாஜி ஆனார், யாக்கோபு அகூப்ஜி ஆனார். பின்னால் ஊர்ப்பெயரோடு 'கர்' சேர்த்துக்கொண்டார்கள். திவேகர், பேண்கர், நவ்காவ்கர், ராஜ்பூர்கர். 1937இல் இந்த நகரத்தின் மேயரான டாக்டர் எலியா மோசஸ் அந்தச் சமூகம்தான். மகாலட்சுமியிலிருந்து வர்ளிப் பக்கம் போகும் டாக்டர் ஈ. மோசஸ் ரோடு அவர் பெயர். கெர்சோமின் அப்பா பெயர் மும்பைத் தெருப் பலகையில் இருக்கிறது, பாருங்கள்.

அவர்கள் செய்ததை நாம் செய்ததோடு வைத்துப் பார்க்கலாம். அவர்கள் பிள்ளைக்கு எபிரேயப் பெயர் வைத்தார்கள், பின்னால் வந்து சேர்ந்த ஊரின் பெயரைப் போட்டுக்கொண்டார்கள். முன்பாதி எங்கிருந்தோ, பின்பாதி இங்கே. நாமோ விட்டுவந்த ஊரையும் அப்பாவையும் இரண்டு எழுத்தாக்கி இனிஷியல் என்று முன்னால் வைத்தோம். மகாராஷ்டிரப் படிவத்தில் மூன்று கட்டம்: பெயர், தகப்பன் பெயர், குடும்பப் பெயர். மூன்றாவது கட்டத்தில் எதைப் போடுவது என்று தெரியாமல் பலர் தாத்தா பெயரைப் போட்டு, சிலர் சாதியைப் போட்டு, சில பேருக்குப் பள்ளிக்கூட குமாஸ்தாவே ஒன்றைப் போட்டு, அண்ணனுக்கு ஒரு குடும்பப் பெயர் தம்பிக்கு ஒன்று என்று நம் வீடுகளில் நடந்தது எல்லோருக்கும் தெரியும்.

'கர்' போட்டுக்கொண்டதால் அவர்களுக்குக் கேள்வி வராமல் போய்விடவில்லை. 1948க்குப் பிறகு பெரும்பாலோர் இஸ்ரேலுக்குக் குடிபோனார்கள். இங்கே அத்தனை நூற்றாண்டு பெனே இஸ்ரேல், இஸ்ரேலின் மக்கள், என்று சொல்லிக்கொண்டிருந்தவர்கள். அங்கே போனதும் தலைமை ரப்பிகளின் மன்றம், திருமணம் என்று வந்தால் இவர்கள் வம்சாவளியை விசாரிக்க வேண்டும் என்று உத்தரவு போட்டது. எருசலேமில் உட்கார்ந்து போராடினார்கள். 1964இல் அரசாங்கமும் நாடாளுமன்றமும் இவர்கள் எல்லா வகையிலும் யூதர்களே என்று அறிவித்த பிறகுதான் அது ஓய்ந்தது. எகிப்தில் எபிரேயன், மீதியானில் எகிப்தியன் என்று தொடக்கத்தில் சொன்னேன். இவர்கள் கொங்கணத்தில் இஸ்ரேல், இஸ்ரேலில் இந்தியர்.

இங்கே மும்பையில் 1966க்குப் பிறகு சில வருஷம் தென்னிந்தியர்களைக் குறிவைத்து 'லுங்கியை விரட்டு' என்று கோஷம் கேட்ட காலத்தை வயதானவர்கள் பார்த்திருக்கிறார்கள். உடுப்பி ஓட்டல் கண்ணாடி உடைந்தது. அன்றைக்கு இங்கே பிறந்த பிள்ளைகளையும் அந்தக் கோஷம் சேர்த்துத்தான் சொன்னது. அந்தப் பிள்ளைகளுக்கு இன்று அறுபதை ஒட்டிய வயது, பேரன் பேத்தி எடுத்துவிட்டார்கள். அந்தப் பேரன்களுக்குத் தமிழ் எழுதத் தெரியாது, மராத்தி தண்ணீர் பட்ட பாடு. அவர்களைப் பார்த்து நீ எந்த ஊர் என்று நாமே கேட்கிறோம். பாண்டுப் என்று சொன்னால் விடுகிறோமா? 'அது சரி, சொந்த ஊர்?' என்று அடுத்த கேள்வி போடுகிறோம். மோசே செய்ததைத்தான் செய்கிறோம்.

மோசே பேரில் வரும் சட்டத்தில் 'கேர்' பற்றிய எச்சரிக்கைகளைத் தல்மூத் பண்டிதர்கள் எண்ணிப் பார்த்திருக்கிறார்கள். முப்பத்தாறு இடம் என்று ஒரு கணக்கு, நாற்பத்தாறு என்று இன்னொன்று. வந்தேறியை ஒடுக்காதே, நீங்களும் எகிப்தில் வந்தேறிகளாக இருந்தீர்கள் என்பது அதன் சாரம். வேறெந்த விஷயத்தையும் அந்தச் சட்டம் இத்தனை தரம் வற்புறுத்துவதில்லை என்பார்கள். மகனுக்குப் பெயராக வைத்த சொல்லைச் சட்டமாக்கிய பிறகுதான் அந்த மனிதருக்கு அது தன் சொந்தக் கஷ்டமாக மட்டும் இல்லாமல் போயிற்று என்று எனக்குப் படுகிறது.

கூட்டம் தொடங்கும் முன் ஒரு தங்கை கேட்டார், இந்தப் பெயரைப் பிள்ளைக்கு வைக்கலாமா அண்ணாச்சி என்று. தாராளமாக வைக்கலாம் அம்மா. அழகான ஓசை. தமிழில் கெர்சோம், மராத்தியில் 'ஷ' போட்டு கெர்ஷோம் என்று எழுதுவார்கள். ஆதாரில் ஒன்றும் பிறப்புச் சான்றிதழில் ஒன்றும் வராமல் முதலிலேயே பார்த்துக்கொள்ளுங்கள், பிறகு வார்டு ஆபீஸுக்கு அலைய முடியாது. பையன் பெரியவனாகி அர்த்தம் கேட்டால், இது உன்னைப் பற்றியது இல்லை, உன் தாத்தா 'ஊர்' என்று எதைச் சொன்னார் என்பதைப் பற்றியது என்று சொல்லுங்கள். குடும்பப் பெயர்க் கட்டத்தில் பாண்டுப்கர் என்று போட்டாலும் எனக்கு ஆட்சேபணை இல்லை.